ஏழாவது ரவுண்டில் விழுந்த துவர்த்து

தளவாய் என்னைத் தேடி வருவான் என்று நான் நினைக்கவில்லை. வந்தால் அடிக்கத்தான் வருவான் என்று நாற்பத்தாறு வருஷமாக நினைத்திருந்தேன்.

நான் ஐந்தருவியில் எண்ணெய் தேய்க்கிறவன். பெயர் மாடக்கண்ணு. வயது எழுபத்திரண்டு. இங்கே பழைய ஆட்கள் என்னைத் 'துண்டு' என்பார்கள். காரணம் தெரிந்த நாலு பேர் செத்துவிட்டால் அந்தப் பெயரும் போய்விடும் என்று பார்த்தேன். போகிறவன் ஒவ்வொருத்தனும் அடுத்தவனுக்குச் சொல்லிவிட்டுத்தான் போகிறான்.

விஷயம் இதுதான். எழுபத்தொன்பதாம் வருஷம் சாரல் சமயத்தில் தென்காசியில் தகரக் கொட்டகை போட்டு பாக்ஸிங் நடந்தது. தென்னிந்தியப் பட்டத்துக்கான சண்டை, பத்து ரவுண்டு. ஒரு பக்கம் சிவகிரித் தளவாய், பட்டாளத்துக்காரன். இன்னொரு பக்கம் தூத்துக்குடி ஹார்பரில் மூட்டை தூக்கின பிரின்ஸ். இரண்டு பேரும் அதுவரை தோற்றதில்லை. மலைக்கு அந்தப் பக்கமிருந்து மலையாளத்துக்காரர்கள் லாரி பிடித்து வந்தார்கள். அந்த மாதிரிச் சண்டை முன்னும் கிடையாது, பின்னும் கிடையாது என்று பார்த்தவர்கள் சொல்வார்கள். பார்க்காதவர்கள் இன்னும் அதிகமாகச் சொல்வார்கள்.

சண்டைக்கு ஒரு மாதம் முன்பே தளவாய் குற்றாலத்தில் வந்து தங்கினான். தினமும் காலையில் நான்தான் தேய்ப்பேன். அவன் உடம்பில் எந்த நரம்பு எங்கே ஓடுகிறது என்று என் கைக்குத் தெரியும். தேய்த்து முடிந்ததும் அருவிக்குள் போவான். வெளியே வரும்போது கண்ணில் தண்ணீரும் எண்ணெயும் வழியும். கண்ணை மூடிக்கொண்டே இடது கையைப் பக்கவாட்டில் நீட்டுவான். நான் நின்ற இடத்திலிருந்தே துவர்த்தை எறிவேன். துவர்த்து என்றால் எங்கள் பக்கத்து மெல்லிய துண்டு. நேராக அவன் தோளில் போய் விழும். எண்ணெய் தேய்க்கிற எல்லாரும் அன்றைக்கு அப்படித்தான் எறிவோம். உள்ளே போய்க் கொடுத்தால் துண்டும் நனையும், நாமும் நனைவோம்.

சண்டையன்று நானும் கூட நிற்க வேண்டும் என்று தளவாய் பிடிவாதம் பிடித்தான். மெட்ராஸ் கோச்சுக்கு அதில் இஷ்டமில்லை. வாளி, பஞ்சு, துண்டு மூன்றையும் என் கையில் கொடுத்து ஓரமாக நில் என்றார். துண்டை உள்ளே எறிந்தால் எங்கள் ஆள் தோல்வியை ஒப்புக்கொண்டதாக அர்த்தம் என்று ஒருத்தனும் எனக்குச் சொல்லவில்லை.

ஏழாவது ரவுண்டில் தளவாயின் வலது புருவம் கிழிந்தது. ரத்தம் கண்ணில் இறங்கியது. பிரின்ஸ் நெஞ்சில் ஒன்று விட்டான். தளவாய் நாங்கள் நின்ற பக்கத்துக் கயிற்றில் வந்து சாய்ந்தான். கண்ணை மூடினான். இடது கையைப் பக்கவாட்டில் நீட்டினான்.

நான் எறிந்தேன்.

நேராகத் தோளில் விழுந்தது. நடுவர் இரண்டு கையையும் ஆட்டிச் சண்டையை நிறுத்தினார். பிரின்ஸின் கையைத் தூக்கினார். தளவாய் கயிற்றைப் பிடிக்கத்தான் கையை நீட்டினான் என்பது எனக்கு அப்புறம்தான் விளங்கியது. அவன் தோளில் கிடந்த துண்டைப் பார்த்தான். என்னைப் பார்த்தான். மறுநாள் பட்டாளத்துக்குப் போய்விட்டான். அதற்குப் பிறகு அவன் கையுறையே மாட்டவில்லை என்று கேள்விப்பட்டேன்.

நான் விலைபோய்விட்டேன் என்றது ஊர். ஏன் எறிந்தாய் என்று என்னிடம் ஒருத்தனும் கேட்கவில்லை. கேட்காதவனிடம் போய் நான் ஏன் சொல்ல வேண்டும்? என் பெண்டாட்டி செண்பகவல்லியும் கேட்கவில்லை. "போனது போவட்டும்" என்று மட்டும் சொன்னாள். அவளும் நம்பிவிட்டாள் என்று அதிலேயே தெரிந்தது. அவள் போய்ச் சேர்ந்து ஒன்பது வருஷம் ஆகிறது. நான் தளவாயை விற்கவில்லை என்று தளவாய்க்கு மட்டும் தெரிந்தால் போதும் என்றிருந்தேன். அவன் வாயால் கேட்க வேண்டும், நான் சொல்ல வேண்டும்.

அந்தச் சண்டைக்குப் பிறகு நான் யாருக்கும் துண்டை எறிந்ததில்லை. அருவிக்குள் நனைந்துகொண்டே போய்க் கையில் கொடுப்பேன்.

இந்த ஆடியில் ஒரு நாள் காலை, பக்கத்துக் கல்லில் தேய்க்கிற இசக்கிமணி என்னைக் கூப்பிட்டான்.

"ஏலே துண்டு, ஒனக்கு ஆளு வந்திருக்கு. கார்லேருந்து எறங்கும்போதே ஒம்பேரத்தான் கேட்டாரு. போலீஸ்காரரு மாதிரி இருக்காரு. ஓடணும்னா இப்பமே ஓடிரு."

குடைக்குள் தளவாய் வந்தான். உடம்பு தளர்ந்து தொப்பை விழுந்திருந்தது. புருவத்தில் வெள்ளைத் தழும்பு. கூட நாற்பது வயதில் ஒரு பெண்.

"என்னலே, இருக்கியா?"

"இருக்கேன் அண்ணாச்சி."

"என்னைய விட ஒரு வயசு மூத்தவன் நீ. இன்னமும் அண்ணாச்சியா?"

"பழகிப்போச்சு."

"இது எம்மவ ஸ்வாதி. சரி, எண்ணெய எடு."

கல்லில் குப்புறப் படுத்தான். நான் தேய்க்க ஆரம்பித்தேன். பழைய உடம்பு எங்கேயோ போயிருந்தது. தோள்பட்டை எலும்பு மட்டும் அப்படியே இருந்தது. இசக்கிமணி ஒரு கொல்லத்துக்காரரின் முதுகில் தேய்த்த இடத்தையே தேய்த்துக்கொண்டிருந்தான். காது முழுக்க எங்கள் பக்கம்.

"மாடக்கண்ணு."

"சொல்லும்."

"அன்னைக்கு எதுக்குலே எறிஞ்ச?"

கேட்டுவிட்டான். என் கை நின்றுபோயிற்று. அப்போதுதான் நிமிர்ந்து பார்த்தேன். ஐந்தடி தள்ளி ஸ்வாதி போனை எங்கள் பக்கமாகத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

எனக்குப் புத்தி அங்கேதான் போயிற்று. படம் பிடிக்கிறார்கள். விலைபோனேன் என்று என் வாயாலேயே சொல்ல வைத்து நாலு பேருக்குக் காட்டப் போகிறார்கள். இப்போது ஊரில் அதுதானே நடக்கிறது.

"எங்கிட்ட என்னத்தப் பாத்து எறிஞ்ச? காலு தள்ளாடிச்சா? மூச்சு வாங்குச்சா? எதயோ பாத்தேல்லா?"

"ஒண்ணும் பாக்கல" என்றேன். போனைப் பார்த்துச் சத்தமாகவே சொன்னேன். "நல்லாக் கேட்டுக்கிடுங்க. நான் ஒருத்தங்கிட்டயும் கை நீட்டல. நீரு நல்லாத்தான் நின்னீரு. கண்ண மூடிக்கிட்டுக் கைய நீட்டுனீரு. அருவியில நீட்டுவீருல்லா, அது மாதிரி. மூஞ்சி தொடைக்கத் துண்டு கேக்கீருன்னு எறிஞ்சேன். எறிஞ்சா சண்ட முடிஞ்சிரும்னு எனக்கு எவன் சொன்னான்? நடந்தது இம்புட்டுத்தான்."

"நல்லாத்தான் நின்னனா?"

"நல்லாத்தான் நின்னீரு. இன்னும் மூணு ரவுண்டும் நின்னிருப்பீரு."

என் கைக்குக் கீழே அவன் முதுகு இறுகியது. பிறகு எழுந்து உட்கார்ந்தான்.

"ஸ்வாதி, அந்த வீடியோ வந்துட்டா?"

"இங்கன டவரே கிடைக்கலப்பா. தூக்கித் தூக்கிப் பிடிச்சு இப்பத்தான் எறங்குச்சு" என்று அவள் போனைக் கொண்டுவந்து என் முகத்துக்கு நேராக நீட்டினாள். "ஜெனி அக்கா காலைல அனுப்புனது, ஐயா."

நாற்காலியில் ஒரு கிழவன். கழுத்தைச் சுற்றித் துண்டு. ஒரு பெண் ஸ்பூனால் கஞ்சி ஊட்டுகிறாள். மடியில் கிடந்த இரண்டு கையும் நிற்காமல் நடுங்குகிறது. கஞ்சி பாதி வெளியே வழிகிறது.

"பிரின்ஸு" என்றான் தளவாய். "எனக்கப்புறம் பன்னெண்டு வருசம் சண்ட போட்டான். பூராவும் தலையில வாங்குனது. இப்ப, கஞ்சி ஊட்டுதாளே, பெத்த மக ஜெனி, அவளயே தெரியல. போன மாசம் போயிப் பாத்தேன். நீ யாருன்னு கேக்கான்."

நான் போனையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

"அங்கன வச்சுத்தான் நெனச்சேன். மாடக்கண்ணுக்கு என் ஒடம்பு தெரியும், இதுக்கு மேல தாங்க மாட்டான்னு பாத்துத்தான் எறிஞ்சிருக்கான்னு. இத்தன வருசம் ஒன்னய மனசுக்குள்ள ஏசிக்கிட்டிருந்தேன். ஒரு நல்ல வார்த்த சொல்லிட்டுப் போவோம்னு வந்தேன்."

"ஒரு மாசமா அப்பா இதையேதான் சொல்லிக்கிட்டிருந்தாங்க, ஐயா" என்றாள் ஸ்வாதி.

"பாத்துத்தான் எறிஞ்சேன்னு ஒரு வார்த்த சொல்லியிருக்கலாம்லா" என்றான் அவன்.

"கேட்டீரு. நடந்ததச் சொன்னேன்."

"ஆமா. நடந்ததச் சொன்ன."

எழுந்து அருவிக்குள் போனான். நான் சொன்னதை அவன் அப்படியே நம்பிவிட்டான். திருப்பி ஒரு கேள்விகூடக் கேட்கவில்லை. அதற்காகத்தான் நான் இத்தனை வருஷம் உட்கார்ந்திருந்தேன்.

ரொம்ப நேரம் கழித்து வெளியே வந்தான். கண்ணை மூடிக்கொண்டு இடது கையைப் பக்கவாட்டில் நீட்டினான். நான் துவர்த்தை எடுத்துக்கொண்டு வழக்கம்போல உள்ளே நடந்தேன். அவன் ஒரு கண்ணைத் திறந்து பார்த்தான்.

"அங்கனயே நில்லு. எறிலே."

எறிந்தேன். கையில் பலமில்லை. பாதி தூரம்கூடப் போகாமல் தண்ணீரில் விழுந்து, குளிக்கிறவர்கள் காலுக்கிடையில் போயிற்று.

"அன்னைக்கு மட்டும் சரியா வந்து விழுந்துச்சு" என்றான் தளவாய். சிரித்தான் என்றுதான் நினைக்கிறேன். முகமெல்லாம் தண்ணீர், நிச்சயமாகச் சொல்ல முடியாது.

என்னைத் தாண்டிப் போய் மகள் கையிலிருந்த பூப்போட்ட துண்டை வாங்கித் துடைத்துக்கொண்டான். வாரேன் என்று ஒரு வார்த்தை சொல்வான் என்று நின்றேன். கார்க் கதவு சாத்துகிற சத்தம் கேட்டது.

இசக்கிமணி கொல்லத்துக்காரரை விட்டுவிட்டு என் பக்கம் வந்தான்.

"அப்ப நீ துட்டு வாங்கலியாலே?"

"இல்ல."

"பொறகு ஏம்லே இத்தன வருசம் சொல்லல?"

"நீ கேக்கலல்லா."

தண்ணீருக்குள் இறங்கித் துவர்த்தைத் தேடினேன். ஓரத்துக் கம்பியில் சிக்கிக் கிடந்தது. பிழிந்து கல்லில் விரித்தேன். சாரல் அடித்துக்கொண்டிருந்தது. காயாது என்று தெரியும்.