தழும்பின் மேல் போட்ட கட்டம்

அவரவர் சொந்தமாக எடுத்த படங்களை விற்கும் சந்தையில், சோதனைக்கு வந்த ஊழியர் மியாகே அம்மா எங்கள் மேசை முன் நின்று படத்தை ஓடவிட்டார். கதவு திறக்கும் முன் ஒவ்வொரு மேசைக்காரரும் ஒரு பிரதியைக் காட்டி அனுமதி வாங்க வேண்டும். வயது வந்தோருக்கான அனிமேஷன் என்றால், அந்தரங்க உறுப்புகளின் மேல் மங்கல் கட்டங்கள் போதிய அளவு இருக்கின்றனவா என்று பார்ப்பார்கள். குறைந்தால் எங்கள் நாட்டுச் சட்டப்படி சிறைகூட உண்டு.

"சரியா இருக்கு. விக்கலாம்," என்று சொல்லிவிட்டு அடுத்த மேசைக்குப் போனார்.

என் கூட்டாளி தோமோஹிசா பெருமூச்சு விட்டான். படம் வரைந்தது நான். கட்டம் போட்டு வட்டில் ஏற்றியது அவன். நான் அந்தக் காட்சியை மறுபடி ஓடவிட்டேன். படத்தில் வரும் மனைவி, அறுவைக்குப் பின் முதன்முறையாகக் கணவன் முன் சட்டையைக் கழற்றும் இடத்தில், மார்பிலும் கட்டம் இருந்தது.

அங்கே மார்பு இல்லை. அறுவை செய்த தழும்புதான் இருக்கிறது. என்னுடைய தழும்பு. பகலெல்லாம் குழந்தைகள் தொடருக்கு முயல்குட்டி வரைந்துவிட்டு, வீட்டில் மூன்று வருடம் அதைக் கோடு கோடாக வரைந்தேன், நாலு பேர் நேராகப் பார்க்கட்டும் என்று.

"இத ஏன்டா மறைச்ச?"

"பயமா இருந்துச்சு சிஸுரு. மாட்டுனா உன்னையுமில்ல இழுத்துட்டுப் போவாங்க. கூட ரெண்டு கட்டம் போட்டா என்ன குறைஞ்சிடப் போகுது?"

"சட்டமே கேக்கல, நீ எதுக்குக் குடுக்கிற? ராஜாவ மிஞ்சின விசுவாசியா?"

"அதான் பாஸ் ஆயிடுச்சே. நூறு வட்டு இருக்கு, வித்துட்டுப் போவோம்."

"ஒண்ணுகூட வெளிய போகாது."

நூறையும் மேசைக்கு அடியில் தள்ளினேன். மடிக்கணினியைத் திறந்து மார்பின் மேலிருந்த கட்டத்தை மட்டும் எடுத்தேன். மற்றதைத் தொடவில்லை, அது சட்டம் கேட்பது. கையில் வெற்று வட்டு பதினாறுதான் இருந்தது.

அதற்குள் கதவு திறந்து, மேசை முன் வரிசை சேர்ந்துவிட்டது. 'வரிசை இங்கே முடிகிறது' என்ற அட்டையைக் கடைசி ஆள் பிடித்திருப்பது வழக்கம். புதிதாக ஒருவர் வந்தால் அவர் கைக்கு மாறும். ஆனால் மாற்றிய படத்தை மறுபடி காட்டாமல் விற்கக்கூடாது. மியாகே அம்மாவைக் கூப்பிட்டனுப்பினேன்.

"பாஸான படத்த யாராவது திருப்பிக் கொண்டுவருவாங்களா?" என்று சலித்துக்கொண்டே பார்த்தார். தழும்பு வந்ததும் படத்தை நிறுத்தினார். திரைக்கு அருகே குனிந்தார். தோமோஹிசா நகம் கடித்தான்.

"இதுக்குக் கட்டம் வேணுமாங்க?" என்று நானே கேட்டேன்.

"வேணாம்," என்று முத்திரை குத்திவிட்டுப் போய்விட்டார்.

ஒவ்வொரு வட்டாகப் பதிந்து, பதியப் பதிய விற்றோம். முணுமுணுத்தாலும் வரிசை கலையவில்லை. பதினாறாவது வட்டு வெளியே வந்தபோது நிமிர்ந்தேன். எதிரே ஒருவர்தான் மிச்சம். ஊழியர் கைப்பட்டையைக் கழற்றிவிட்டு, அட்டையைப் பிடித்தபடி மியாகே அம்மா நின்றிருந்தார்.

"எனக்கு ஒண்ணு குடும்மா. எங்க வீட்டுக்காரருக்குக் காட்டணும்."