முக்கால் கூலிக் கல்

நான் காண்ட்ராக்டருக்குக் கட்ட வேண்டிய பாக்கி தொண்ணூற்று நான்கு ரூபாய் ஐம்பது காசு. அதை நான் கை நீட்டி வாங்கவில்லை. அரிசிக்கோ மருந்துக்கோ முன்பணம் கேட்டதும் இல்லை. என் பெயரால் வந்த பாக்கி அது.

அறுபத்து மூன்றாம் வருஷம் போர்ட் பிளேரிலிருந்து சிப்பிகாட் பக்கம் ஒரு ரோடு போட்டார்கள். அதற்குக் கல் உடைக்கிற வேலை எனக்கு. திருநெல்வேலியிலிருந்து கப்பலேறி வந்த மூன்றாம் வருஷமே என் வீட்டுக்காரர் மலேரியாவில் போய்விட்டார். மகள் மரகதத்துக்கு அப்போது பதினொரு வயது. பத்துபஸ்தியில் ஜன்னத் பீவி என்கிற அக்கா வீட்டில் தங்கிப் பள்ளிக்கூடம் போனாள். சாப்பாட்டுக்கு மாசம் பன்னிரண்டு ரூபாய் கொடுத்துவந்தேன். நான் சாலையோரக் கொட்டகையில் கிடந்தேன். உடம்பு வலி என்பது பல் துலக்குவது மாதிரி தினமும் இருந்தது, அதைப் பெரிதாகச் சொல்ல ஒன்றுமில்லை.

வேலையில் இருந்த மற்ற பெண்கள் எல்லாரும் புருஷனோடு வந்தவர்கள். கணக்கெழுதுகிற முன்ஷியின் ஆஜர் புத்தகத்தில் புருஷனுடைய பெயர் இருக்கும். அதற்குக் கீழே 'அவுரத் ஒன்று', அதாவது பெண் ஒன்று என்று இருக்கும், அவ்வளவுதான். பெண்டாட்டிக்குப் பெயர் கிடையாது. இரண்டு பேர் கூலியும் ஒரே கவரில் புருஷன் கைக்குப் போகும். எனக்கு மேலே எழுத ஆம்பளை இல்லை. அதனால் என் பெயர் மட்டும் தனி வரியில் இருந்தது.

முன்ஷி ராஞ்சிக்காரர். பட்டணத்து ஆபீசில் உட்கார்ந்து எழுதுகிறவர். கவர்களை மேஸ்திரி பரமசிவம் அண்ணாச்சிதான் வாங்கிவந்து கொடுப்பார். என் கவரில் நாளுக்கு மூன்று ரூபாய் இருந்தது. அதுதான் கூலி என்று நினைத்தேன். பெண்ணுக்குக் கூலி வேறு என்பதே எனக்குத் தெரியாது. கூடக் கல் உடைத்த மணியன் பெண்டாட்டி புஷ்பத்திடம் ஒருநாள் கேட்டேன், அவளுக்கும் தெரியவில்லை.

"எங்க வீட்டு ஆளு கவரப் பிரிச்சு எங்கிட்ட காட்டுனதே இல்ல மைனி. அரிசி வாங்கிப் போடுதாரு. நான் கேக்கதில்ல" என்றாள்.

நவம்பரில் சேர்ந்தேன். ஏப்ரலில் ஒரு சனிக்கிழமை காண்ட்ராக்டரே ஜீப்பில் வந்து சம்பளம் போட்டார். பக்கத்தில் முன்ஷி புத்தகத்தோடு உட்கார்ந்திருந்தார். "ஜெய்மணி" என்று கூப்பிட்டார். நான் எழுந்து போனேன்.

முன்ஷி என்னைப் பார்த்தார். எனக்குப் பின்னால் பார்த்தார். "ஜெய்மணி கஹாங்?"

"நாந்தான்."

"நீ அவுரத்."

"ஆமா."

கூட்டத்தில் யாரோ சிரித்தார்கள். முன்ஷி முகம் வெளுத்துவிட்டது. "மணியன் ஆத்மி, ஆம்பளை. அப்போ ஜெய்மணியும் ஆத்மின்னு நான் எழுதிச்சு" என்று காண்ட்ராக்டரிடம் சொன்னார்.

காண்ட்ராக்டர் சிரிக்கவில்லை. பெண் கூலி இரண்டே கால் ரூபாய். நாளுக்கு முக்கால் ரூபாய் அதிகம் போயிருக்கிறது. நூற்று இருபத்தாறு நாள். அங்கேயே பெருக்கிப் பார்த்து, என் பெயருக்கு எதிரே சிவப்பு மையில் தொகையை எழுதச் சொன்னார்.

"தப்பு நீங்க பண்ணுனது, மொதலாளி" என்றேன்.

"காசு உன் கையிலதானே வந்துச்சு? திங்கக்கிழமையிலேருந்து ரெண்டே கால். அதுல நாளுக்கு ஒரு ரூபா புடிச்சுக்கச் சொல்றேன். நாலு மாசத்துல தீந்துரும்."

மிச்சம் ஒண்ணே கால் ரூபாய். அதில் நான் சாப்பிட்டுவிட்டுப் பத்துபஸ்திக்குப் பன்னிரண்டு ரூபாய் அனுப்ப முடியாது. பரமசிவம் அண்ணாச்சி என்னை ஒதுக்குப்புறமாகக் கூப்பிட்டுப் போய்ச் சொன்னார்.

"பிள்ளைய இங்க கூட்டியாந்துரு. கூடை தூக்கட்டும். அரைக் கூலி போட்டுத் தாரேன். ரெண்டு மாசத்துல பாக்கியும் தீரும், சோத்துச் செலவும் மிச்சம். பொட்டப்பிள்ள படிச்சு என்ன கலெக்டராவா ஆவப்போவுது?"

அண்ணாச்சி கெட்டவர் இல்லை. அவருக்குத் தெரிந்த வழியைச் சொன்னார். அடுத்த மாசப் பணத்தை ஐந்தாம் தேதிக்குள் ஜன்னத் பீவியிடம் கொடுக்காவிட்டால் மரகதம் தட்டுமுட்டு மூட்டையோடு என் கொட்டகைக்கு வந்துவிடுவாள். அதற்குப் பிறகு அவள் திரும்பப் போகமாட்டாள் என்று எனக்குத் தெரியும். இந்தச் சாலையில் கூடை தூக்க வந்த பிள்ளைகள் யாரும் திரும்பிப் போனதை நான் பார்த்ததில்லை.

அந்த வாரம் முன்ஷியை ஆபீசிலிருந்து சைட்டுக்கே அனுப்பிவிட்டார்கள். இனிமேல் ஆளைப் பார்த்து எழுது என்று உத்தரவு. பாவம், வெயிலில் குடை பிடித்துக்கொண்டு ஒவ்வொரு குவியலுக்கும் சுண்ணாம்பால் நம்பர் போட்டார். என் குவியல் ஏழாம் நம்பர். எனக்கு அப்போது எழுத்து தெரியாது. நம்பர் மட்டும் தெரியும்.

"தண்ணி குடிக்கேளா?" என்று கேட்டு என் சொம்பைக் கொடுத்தேன். அண்ணாந்து குடித்தார்.

"காண்ட்ராக்டர் மாலிக் என் சம்பளத்துலயும் பைசா புடிக்கும்னு சொல்றான்" என்றார். "உன் மேலே கோபம் இல்லே. உன் பேர் மேலே கோபம்."

"நம்பர் எதுக்கு முன்ஷிஜி?"

"சனிக்கிழமை ஓவர்சியர் சாப் அளக்க வருது. சர்க்கார் மாலிக்குக்குப் பெட்டிக் கணக்குலே பைசா தருது. ஒரு பெட்டிக்கு இவ்ளோ ரேட்."

"ஆம்பளை ஒடச்ச பெட்டிக்கு ஒரு ரேட்டு, பொம்பளை ஒடச்ச பெட்டிக்கு ஒரு ரேட்டா?"

முன்ஷி சிரித்துவிட்டார். "பத்தர் பத்தர் ஹை. கல்லு கல்லுதான். அதிலே ஆத்மி அவுரத் எங்கே இருக்கு?"

நான் சுத்தியலைக் கீழே வைத்தேன். பிறகு புஷ்பத்திடம் போய்ப் பேசினேன். அவள் பயந்தாள். "எங்க வீட்டு ஆளு வைவாரு மைனி" என்றாள். சரி, நீ வராதே என்றேன்.

சனிக்கிழமை ஓவர்சியர் கோவிந்தராஜ் வந்தார். சர்க்கார் ஆள். கைமடித்த சட்டை, காதில் பென்சில். இரண்டு பேர் அளவுப் பெட்டியைக் குவியல் குவியலாக நகர்த்திக் கல்லை நிரப்பிக் கொட்டினார்கள். அவர் எண்ணி எழுதினார். காண்ட்ராக்டர் அவருக்கு இளநீர் வெட்டச் சொல்லிக்கொண்டே கூட நடந்தார். இரண்டு வாரக் கல். பரமசிவம் அண்ணாச்சி தம்பி பதினான்கு பெட்டி. மணியன் பதினொன்றே முக்கால். என்னுடையது பன்னிரண்டு.

"ஏழு, பன்னெண்டு" என்று ஓவர்சியர் எழுதப்போனார்.

"அய்யா, ஒன்பதுன்னு எழுதுங்க" என்றேன்.

அவர் நிமிர்ந்து பார்த்தார். "பன்னெண்டு பெட்டி எண்ணினேனேம்மா."

"எண்ணுனது சரிதான்யா. ஆனா இது பொம்பளை ஒடச்ச கல்லு. மொதலாளி கணக்குல எனக்கு முக்காவாசிக் கூலி. மூணு ரூவா தப்பாக் கொடுத்துட்டாங்கன்னு பாக்கி எழுதியிருக்காக. அப்ப கல்லும் முக்காவாசிதானே. பன்னெண்டுக்கு ஒன்பது. சர்க்கார்ப் பணத்த நான் தின்னதா நாளைக்குப் பேர் வரக்கூடாது."

காண்ட்ராக்டர் இளநீரைக் கீழே வைத்தார். "சார், அவ ஏதோ புரியாம பேசுறா. நீங்க எழுதுங்க."

ஓவர்சியர் எழுதவில்லை. பென்சிலைக் காதில் செருகிக்கொண்டார். அவர் முகத்தில் சிரிப்பு இல்லை, ஆனால் குரலில் இருந்தது. "ஏன் காண்ட்ராக்டர், இந்தக் கல்லு அளவு கொறைஞ்சதா? சல்லடையில போட்டுப் பார்க்கணுமா?"

"இல்ல சார். முழு அளவு."

"அப்ப முழு வேலை."

"வேலை முழுசுதான் சார். கூலின்னு வரும்போது வழக்கம் ஒண்ணு இருக்குல்ல."

அப்போதுதான் பின்னாலிருந்து புஷ்பத்தின் குரல் கேட்டது. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு பேசினாள். "எங்க வீட்டு ஆளு குவியல்ல பாதி நான் ஒடச்சதுய்யா. அதுலயும் முக்காவாசின்னு கழிச்சுக்கிடுங்க."

மணியன் திரும்பி அவளை முறைத்தான். அவள் தன் கையை மட்டும் பார்த்துக்கொண்டு நின்றாள். அதற்குப் பிறகு இன்னும் மூன்று பெண்கள் அதையே சொன்னார்கள். ஒருத்தி தெலுங்கில் சொன்னாள், ஆனாலும் எல்லோருக்கும் புரிந்தது.

ஓவர்சியர் நோட்டுப் புத்தகத்தின் முந்தின பக்கங்களைப் புரட்டினார். "அப்ப நவம்பர்லேருந்து கழிச்சுட்டு வரணும் போலிருக்கே. பெரிய கணக்கு. பில்லு நிக்கும், பரவாயில்லையா?"

காண்ட்ராக்டர் துண்டால் கழுத்தைத் துடைத்துக்கொண்டார். "கல்லு கல்லுதான் சார். யாரு ஒடச்சா என்ன. அந்தப் பாக்கிய விட்டுடறேன்."

"எங்கிட்ட சொல்லாதீங்க. அந்தம்மாகிட்ட சொல்லுங்க."

என்னைப் பார்க்காமல் சொன்னார். ஓவர்சியர் பன்னிரண்டு என்று எழுதிவிட்டு எட்டாம் நம்பருக்குப் போனார்.

அன்று சாயங்காலம் மணியன் கொட்டகையில் சத்தம் கேட்டது. அடி விழவில்லை. "எங்கிட்ட ஒரு வார்த்தை கேட்டியாட்டி?" என்று அவன் கத்தினான். "நீங்க கவரப் பிரிக்கும்போது எங்கிட்ட கேட்டேளா?" என்று இவள் கேட்டாள்.

அடுத்த சம்பளத்துக்குள் புத்தகத்தில் நான்கு புது வரி வந்தது. புஷ்பம் தன் பெயரைத் தானே போய்ச் சொன்னாள். காண்ட்ராக்டர் எங்களுக்கு உடனே மூன்று ரூபாய் கொடுத்துவிடவில்லை. இரண்டரை ஆக்கினார், அதுவும் ஓவர்சியர் மறுபடி வருகிறார் என்றதால். மழை முடிந்து வேலை தொடங்கியபோதுதான் ஆணுக்கும் பெண்ணுக்கும் பெட்டிக் கணக்கில் கூலி வந்தது. அதற்குள் புஷ்பம் தன் கவரிலிருந்து மிச்சம் பிடித்து இரண்டு ஆடு வாங்கிவிட்டாள். மணியன்தான் மேய்த்தான். "பொண்டாட்டி ஆட்ட மேய்க்கவால அந்தமானுக்கு வந்தே?" என்று பரமசிவம் அண்ணாச்சி கேலி செய்தார். "குட்டி போட்டா உமக்குத் தர மாட்டேன்" என்றான் மணியன்.

ஆனால் என் பாக்கி விஷயம் ஓவர்சியர் அளந்த பிறகு வந்த முதல் சம்பளத்தன்றே முடிந்தது. முன்ஷி என் கவரை நீட்டினார். நான் வாங்கவில்லை.

"புத்தகத்தக் காட்டுங்க முன்ஷிஜி."

"மாலிக் சொல்லியாச்சு. பாக்கி நஹி."

"சொன்னது காத்துல போயிரும். எழுதுனது இருக்குமே."

புத்தகத்தைத் திருப்பிக் காட்டினார். என் பெயருக்கு எதிரே சிவப்பில் ஒன்பது, நான்கு, ஐந்து, சைபர் அப்படியே இருந்தது. காண்ட்ராக்டர் ஜீப்பில் உட்கார்ந்தபடி பார்த்துக்கொண்டிருந்தார். எனக்குப் பின்னால் வரிசை நின்றுவிட்டது. அன்று தேதி மூன்று. சாயங்கால லாரியில் பத்துபஸ்திக்குப் போக வேண்டும்.

"அடிச்சுத் தொலை" என்றார் காண்ட்ராக்டர்.

முன்ஷி அளவுகோலை வைத்து, நாலு எண்ணுக்கும் குறுக்கே ஒரே கோடாக இழுத்தார். மை காய்கிறவரை நின்று பார்த்துவிட்டுக் கவரை வாங்கிக்கொண்டேன்.