தாமதமாக

1

இந்தக் கதை காரில் கிடைத்தது. அபுதாபியிலிருந்து எங்கள் வீடு இருக்கும் முவைலாவுக்குத் திரும்பும் வழியில் என் மனைவி ஷியாமளா வெகுநேரம் பேசாமல் வந்தாள். பேசாமல் வருவது வழக்கமாக என் வேலை.

"ஏங்க, இன்னைக்கு ஒரு தப்பு பண்ணிட்டேன்," என்றாள்.

புதுச்சேரியில் படித்தவள், இங்கே ஒரு பள்ளியில் பிரெஞ்சு ஆசிரியை. பிரெஞ்சு நாடகம் ஏதாவது வந்தால், மேடைக்கு மேலுள்ள திரையில் வசனத்தின் மொழிபெயர்ப்பை வரிவரியாக ஓட்டுவாள். நடிகர் வாய் திறந்த பிறகுதான் பொத்தானைத் தட்டலாம்.

2

முதல் தொடக்கம்: 'ஒதில் ப்ரெவான், லியோனில் ஒரு ரொட்டிக்கடைக்காரரின் மகளாக'

(வேண்டாம். எனக்கு லியோன் தெரியாது. ஒதில் என்பதும் நான் வைத்த பெயர்தான்.)

இரண்டாவது: அன்றைய நாடகத்தின் மூத்த நடிகை, அரை நூற்றாண்டு மேடை. நிறையப் படங்கள், பின்னாளில் எல்லாவற்றிலும் யாருக்காவது அம்மா. இப்போது வசனம் மறக்கிறது. இன்னொரு முறை மறந்தால் வேடம் வேறொருவருக்கு என்று இயக்குநர் சொல்லிவிட்டார்.

"யக்கா, இன்னைக்கு அந்தம்மா தப்பிச்சா சரி," என்று ஷியாமளாவிடம் சொன்னவர் ஹஸ்னைன், மேடை நிர்வாகி, காயல்பட்டினத்துக்காரர்.

3

நாடகத்தில் விருந்தாளி கேட்கிறான்: "உங்கள் கணவர் எப்போது இறந்தார்?" விதவையாக நடிக்கும் ஒதில் ஒரே சொல்லில் பதில் சொல்ல வேண்டும்: "தாமதமாக."

சொல்லவில்லை.

இங்கே மௌனத்தைப் பற்றி ஒரு பக்கம் எழுதியிருந்தேன். எனக்குப் பிடித்த பக்கம். ஷியாமளா படித்துவிட்டு, "அது மௌனம் இல்லீங்க, மறதி," என்றாள். பக்கத்தை அடித்துவிட்டேன்.

பதற்றத்தில் ஷியாமளாவின் விரல் பொத்தானைத் தட்டிவிட்டது. சொல் திரையில் வந்தது. ஒதிலால் பார்க்க முடியாது. திரை அவர் தலைக்கு மேலே.* ஆனால் அரங்கம் பார்த்தது, சிரித்தது. நாடகத்தில் அவ்வளவு பெரிய சிரிப்பு வரும் இடம் ஒன்றுதான். ஒதிலுக்குச் சொல் கிடைத்துவிட்டது. சிரிப்பு அடங்கும்வரை காத்திருந்து, "தாமதமாக" என்றார்.

முன்னைவிடப் பெரிய சிரிப்பு.

(* பார்த்திருந்தாலும் பயனில்லை. திரையில் ஓடியவை ஆங்கிலமும் அரபியும். அவருக்கு இரண்டும் தெரியாது.)

4

முடிவு அ: ஒதில் தேடி வந்து ஷியாமளாவின் கைகளைப் பற்றிக்கொண்டு

(உங்களை அழவைக்கப் பார்க்கிறேன். வேண்டாம்.)

நடந்தது இது. ஹஸ்னைன் மூச்சிரைக்க வந்தார்.

"யக்கா, நாளைக்கும் அந்த வரிய முன்னாடியே போடணுமாம். அந்தம்மா சொல்லிவிட்டாங்க."

"டைரக்டர் என்ன சொன்னாரு?"

"அவரா? தன்னோட ஐடியான்னு எல்லார்ட்டயும் சொல்லிட்டு இருக்காரு. கலாஸ், வேலை முடிஞ்சுது, நீங்க வீட்டுக்குப் போங்க."

காரில் இதைச் சொல்லி முடித்ததும் ஷியாமளா இருக்கையில் சாய்ந்து சிரிக்கத் தொடங்கினாள். எனக்கும் தொற்றிக்கொண்டது.

5

ஒதில் ஏன் அப்படிக் கேட்டார்? மறுபடி மறந்துவிடும் என்ற பயமா, சிரிப்பின் ருசியா?

"நீ கேக்கலையா?"

"கேக்க மாட்டேன்," என்றாள் ஷியாமளா.

ஆகவே நானும் எழுதப்போவதில்லை. இரண்டில் எது என்பதை நீங்களே வைத்துக்கொள்ளுங்கள். மறுநாள் விருந்தாளி கேட்டான், ஷியாமளா தட்டினாள், அரங்கம் சிரித்தது. ஒதில் அவசரப்படவில்லை.