வெர்லீன் அம்மா வீட்டு வழுக்கைக் கார்டினல்

எங்கள் மாலை வகுப்பில் பறவைகளை அடையாளம் காணக் கற்றுத்தரும் கார்லண்ட் மீது எனக்கு இன்னும் ஆத்திரம் அடங்கவில்லை.

நேற்று வகுப்பு எங்களோடு படிக்கும் வெர்லீன் அம்மா வீட்டுத் தோட்டத்தில் நடந்தது. ஆகஸ்ட் வெயிலுக்கு எல்லோருக்கும் சில்லென்ற இனிப்பு டீ கொடுத்தார். இங்கே கென்டக்கியில், சிவப்புக் கார்டினல் பறவை வந்து உட்கார்ந்தால் செத்துப்போன யாரோ நம்மைப் பார்க்க வந்திருக்கிறார்கள் என்பார்கள். இந்த வசந்தத்தில்தான் வெர்லீன் அம்மா தன் கணவர் ஆர்விலை அடக்கம் செய்திருந்தார். வேலியோரத் தீனித்தட்டில் வந்தமர்ந்த சிவப்புப் பறவையைக் காட்டி, "அதோ, எங்க ஆர்வில் வந்துட்டாரு" என்றார்.

கார்லண்ட் வெறுங்கண்ணால் ஒரு பார்வை பார்த்தார். "கொண்டை எங்கம்மா? கொண்டை இல்லேன்னா கார்டினல் இல்ல. இது டானஜர்னு வேற ஒரு சிவப்புப் பறவை. உங்க வீட்டுக்காரர் வழி தவறி வேற வீட்டுக்குப் போயிட்டார் போல."

இரண்டு பேர் சிரித்தார்கள்.

"அப்போ இத்தனை நாளா நான் யார்கிட்ட பேசிட்டிருந்தேன்?" என்றார் வெர்லீன் அம்மா, மெதுவாக.

எனக்குக் காதெல்லாம் சூடேறியது. துக்கத்தில் இருப்பவரிடம் பேசுகிற பேச்சா இது? ஆனால் கார்லண்ட் சொன்னது சரியாக இருந்துவிட்டால்? நான் தப்பாகப் பார்ப்பது புதிதல்ல. தொலைநோக்கியை எடுத்து அலகிலிருந்து தொடங்கினேன். குட்டையான, தடித்த, ஆரஞ்சுச் சிவப்பு அலகு. சூரியகாந்தி விதையை நொறுக்கிக்கொண்டிருந்தது. டானஜரின் அலகு வெளிறியிருக்கும், இவ்வளவு தடிமன் கிடையாது. தலை கறுப்பாக இருந்தது. இறகே இல்லை, வெறும் தோல். நம்பாமல் மறுபடி அலகிலிருந்து பார்த்தேன்.

"சார், அது கார்டினல்தான்" என்றேன். "இறகு உதிர்ற காலம் இது. தலையில மொத்தமா கொட்டிடுச்சு. சரியாப் பாக்காமலே அவங்களைக் கேலி பண்ணிட்டீங்க."

கார்லண்ட் தொலைநோக்கியை வாங்கி வெகுநேரம் பார்த்தார். "ம்... இருக்கலாம்."

"இருக்கலாம் இல்ல சார். ஆமான்னு அவங்ககிட்ட சொல்லுங்க."

"கார்டினல்தாம்மா" என்றார் புல்லைப் பார்த்து. மன்னிப்பு என்ற சொல் மட்டும் வாயில் வரவில்லை.

வெர்லீன் அம்மா தொலைநோக்கியைக் கண்ணில் வைத்தார். தோள்கள் குலுங்கின. அழுகிறார் என்று பயந்தேன்.

"முழு வழுக்கை! அட மனுஷா, அங்க போயும் உனக்கு முடி வளரலையா?"

சிரித்து முடித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டு கார்லண்டிடம் திரும்பினார். "நீங்க டம்ளரை வச்சிட்டுக் கிளம்புங்க, சார்." பிறகு என்னைப் பார்த்தார். "டெஸ்ஸா கண்ணு, நீ இரு. இன்னும் டீ இருக்கு."