எக்கிட்னாவின் முகம்

துபாய் தேராவில் சதக்கத்துல்லாவின் போர்டு எழுதும் கடையில் அரபியும் ஆங்கிலமும் ஒரே அழகில் எழுதக்கூடியவர் வல்லிபுரம் ஒருவர்தான். யாழ்ப்பாணத்துப் பருத்தித்துறையில் சித்திர வாத்தியாராக இருந்தவர். அதனால் கீழக்கரைக்காரரான சதக்கத்துல்லா, தான் முதலாளியாக இருந்தும் அவரை வாத்தியாரே என்றுதான் கூப்பிடுவார். எண்பத்தாறில் க்ரீக் ஓரத்து ஹோட்டல் ஒன்றில் கிரேக்கச் சாப்பாட்டுக்கூடம் திறக்கப் போவதாகவும், ஒரு சுவர் முழுக்கப் படம் வேண்டும் என்றும் கேட்டு ஆள் வந்தபோது, வேறு யாரையும் யோசிக்காமல் வல்லிபுரத்தை அனுப்பினார்.

கூடத்துக்குப் பொறுப்பாளன் கோஸ்தாஸ் என்ற கிரேக்கன். வாய் ஓயாமல் பேசுகிறவன், கெட்டவன் அல்ல. தன் நாட்டுப் பழங்கதைப் பூதங்களின் வம்சத்தை டைப் அடித்துக் கொண்டுவந்து கொடுத்தான். சுவரின் இடது பக்கம் குடும்பம். வலது பக்கம் அந்தக் குடும்பத்தைக் கொன்ற வீரர்கள். தகப்பன் டைஃபோன், தோளில் நூறு பாம்புத் தலை உள்ளவன்; அவனைக் கடவுள் மலைக்கு அடியில் போட்டு மூடிவிட்டார். தாய் எக்கிட்னா, இடுப்புக்கு மேலே பெண், கீழே பாம்பு, குகையில் இருப்பவள். அவர்களுக்குப் பிறந்தவை இரட்டைத் தலை நாய் ஓர்த்ரோஸ், பல தலைப் பாம்பு ஹைட்ரா, சிங்கமும் ஆடும் பாம்பும் ஒட்டிப் பிறந்த கிமேரா, பாதாளத்து வாசலைக் காக்கும் இன்னொரு நாய்.

வல்லிபுரம் தாயையும் பிள்ளைகளையும் இணைக்கும் வம்சக் கோடுகளைப் போட்டு வேலையைத் தொடங்கினார். ஒவ்வொன்றாக வரைய வரைய, இது எப்படிச் செத்தது என்று ஆங்கிலத்தில் கேட்பார். கோஸ்தாஸ் உற்சாகமாகச் சொல்வான்.

"இந்த நாய் என்ன செய்தது?"

"எஜமானின் மாடுகளைக் காவல் காத்தது. ஹெராக்லிஸ் என்ற வீரன் அந்த மாடுகளை ஓட்டிப் போக வந்தான். தடியால் ஒரே அடி."

"அப்படியென்றால் கள்ளன் வந்து காவல் நாயைக் கொன்றிருக்கிறான்."

கோஸ்தாஸ் விழுந்து விழுந்து சிரித்தான். வல்லிபுரம் சிரிக்கவில்லை. ஹைட்ராவின் தலையை வெட்ட வெட்ட முளைத்ததாம். ஹெராக்லிஸின் பெறாமகன், தம்பியின் பிள்ளை, பக்கத்தில் நின்று, வெட்டிய கழுத்தையெல்லாம் கொள்ளியால் சுட்டுக்கொண்டே வந்தானாம். கிமேராவை ஒருவன் பறக்கும் குதிரையில் ஏறி, வானத்தில் இருந்து கொன்றானாம். அதைக் கேட்டபோது வல்லிபுரத்தின் தூரிகை நின்றுவிட்டது. தாய் எங்கே இருந்தாள் என்று கேட்டார். அவளுக்குச் சாவே கிடையாது என்று சிலர் சொல்வார்கள், தூக்கத்தில் கொன்றுவிட்டார்கள் என்று வேறு சிலர் சொல்வார்கள் என்றான் கோஸ்தாஸ். பிள்ளைகளைப் பற்றி அவள் என்ன சொன்னாள் என்பது எந்தக் கதையிலும் இல்லை.

வல்லிபுரத்தின் தங்கச்சி செல்லம் புருஷனை இழந்தவள். மூன்று ஆண்பிள்ளைகள். மூத்தவன் ஆனந்தராசாவை முந்தின வருஷம் ஆமிக்காரர்கள் ஊரைச் சுற்றிவளைத்துப் பிடித்துக்கொண்டு போனார்கள், அவன் திரும்பவில்லை. கொழும்புப் பத்திரிகையில் அவன் பெயர்கூட வரவில்லை. 'பயங்கரவாதி' என்ற ஒற்றைச் சொல் மட்டும் வந்தது. பாங்கில் சேர விண்ணப்பம் போட்டுவிட்டு இருந்த பெடியன்.

எக்கிட்னாவின் முகத்தை அவர் மூன்று நாள் எழுதினார். அகன்ற நெற்றி, நேரே பார்க்கும் கண்கள், இறுகிய வாய். அவர் அறியாமலே செல்லத்தின் சாயல் வந்து உட்கார்ந்துகொண்டது.

நாலாம் நாள் ஊரிலிருந்து வந்தவர் ஒருவர் கையில் செல்லத்தின் கடிதம் வந்தது. மத்தியானச் சாப்பாட்டு நேரம், சாரத்தின் கீழ்ப்பலகையில் இருந்து அதைப் படித்தார். இரண்டாவது மருமகன் சிவகுருநாதன் தோட்டத்துக்குத் தண்ணீர் கட்டிக்கொண்டு நின்றபோது ஹெலிகொப்டரில் இருந்து சுட்டுக் கொன்றுவிட்டார்கள். கடைசிப் பெடியன் தவநேசனை அன்றிலிருந்து காணவில்லை; ஓடிப் போனானா, பிடிபட்டானா தெரியாது. வீட்டைச் சோதிக்க வந்த ஆமிக்காரன் அரைகுறைத் தமிழில், இன்னும் எத்தனை பெத்து வைத்திருக்கிறாய் என்று கேட்டானாம். நான் ஒன்றும் சொல்லவில்லை அண்ணை, வாய் வரவில்லை என்று எழுதியிருந்தாள்.

கடிதத்தை மடித்துச் சட்டைப் பைக்குள் வைத்த நேரத்தில் கோஸ்தாஸ் வந்தான். ஹோட்டல் பெரிய மனேஜர் படத்தைப் பார்த்தாராம். எல்லாம் சரி, தாய்தான் சரியில்லை என்றாராம். சாப்பிட வருகிறவர்களுக்கு அவளைப் பார்த்தால் பாவமாக இருக்கும். கோரைப் பல் வைக்க வேண்டும், வாயோரம் ரத்தம் வடிய வேண்டும், கண்ணைச் சிவப்பாக்க வேண்டும்.

வல்லிபுரம் அவன் கொடுத்த தாளையே எடுத்து நீட்டினார். "நீ எழுதித் தந்ததைப் படி. பிரகாசமான கண்ணும் அழகான முகமும் உள்ளவள் என்று இருக்கிறது."

"தெரியும், நண்பா. ஆனால் அவள் அழகாக இருந்தால் ஹெராக்லிஸ் கெட்டவனாகத் தெரிகிறான்."

அந்த இடத்தில்தான் அவருக்குள் எதுவோ அறுந்தது. குரலை உயர்த்தாமல் தமிழில் சொன்னார்: "இவளின்ர வாயில ரத்தம் வைக்க என்னால ஏலாது."

விளங்காமல் கோஸ்தாஸ் விழித்தான். வல்லிபுரம் சுரண்டுதகட்டை எடுத்துக்கொண்டு சாரத்தில் ஏறி, அந்த நெற்றியில் வைத்து இழுத்தார். ஈரம் காயாத வண்ணம் சுருண்டு விழுந்தது. கண், மூக்கு, வாய், தோள், பாம்பு உடல் எல்லாவற்றையும் சுண்ணாம்பு தெரியும்வரை சுரண்டினார். தன் கையாலேயே அதைச் செய்ய வேண்டியிருந்தது என்பதுதான் அவரை இன்னும் கொதிக்க வைத்தது. இன்னொருவன் வந்து அவளுக்குப் பல் வைக்கக் கூடாது. கோஸ்தாஸ் கீழே நின்று வேண்டாம் வேண்டாம் என்றான். அவர் திரும்பியே பார்க்கவில்லை.

கடைக்கு வருவதற்குள் செய்தி போய்விட்டது. சதக்கத்துல்லா கதவைச் சாத்திவிட்டுக் கேட்டார். "ஒரு பொம்பளப் படத்துக்காகவா வாத்தியாரே இவ்வளவும்? ரெண்டு பல்ல வச்சுட்டு வந்திருந்தா முடிஞ்சு போயிருக்கும்ல?"

"பெத்ததுகளைக் கொன்றதுக்கு அவையளுக்கு ஒரு நியாயம் வேணும், முதலாளி. அதுக்குத்தான் தாய்க்குப் பல்லு வைக்கச் சொல்லுறாங்கள்."

கடிதத்தை எடுத்து மேசையில் வைத்தார். சதக்கத்துல்லா முழுதாகப் படித்தார். அதை மடித்து அவர் கையிலேயே திருப்பிக் கொடுத்தார். பிறகு, ஹோட்டல்காரர்கள் முகத்தில் இனி விழிக்க முடியாது, ஷார்ஜா பட்டறைக்குப் போய்க் கொஞ்ச நாள் லொறிகளுக்கு எழுத்து எழுதுங்கள் என்றார். விசாவை ரத்து செய்வது பற்றிப் பேச்செடுக்கவில்லை.

அன்று பின்னேரமே வல்லிபுரம் தங்கச்சிக்குப் பதில் எழுதினார். ஆறுதல் சொல்ல மூன்று தரம் தொடங்கி மூன்று தாளையும் கிழித்தார். கடைசியில், இனி எவனாவது அப்படிக் கேட்டால் மூன்று என்று சொல், மூன்று பேரின் பெயரையும் அவனுக்குக் கேட்கும்படி சொல் என்று எழுதி அனுப்பினார்.

ஒரு மாதம் கழித்து கோஸ்தாஸ் ஷார்ஜாவுக்குத் தேடி வந்தான். வல்லிபுரம் தண்ணீர் லொறியின் பக்கவாட்டில் அரபி எழுத்து எழுதிக்கொண்டிருந்தார். கூடம் திறந்தாகிவிட்டதாம். சுரண்டிய இடத்தைத் திரைச்சீலை போட்டு மறைத்திருக்கிறார்களாம். பிள்ளைகளிடமிருந்து போகும் கோடுகள் எல்லாம் சீலைக்குள் போய் மறைவதைப் பார்த்து, அங்கே யார் என்று சாப்பிட வருகிறவர்கள் எல்லாரும் கேட்கிறார்களாம்.

"மனேஜர் சம்மதித்துவிட்டார். உன் இஷ்டப்படியே வரை. அழகாகவே இருக்கட்டும்."

வல்லிபுரம் ஏணியை விட்டு இறங்கவில்லை. "ஹெராக்லிஸ் இருக்கிறானா?"

"இருக்கிறான். அவன் இல்லாமல் எப்படி?"

"தடியோடு?"

"தடியோடுதான்."

"அப்ப என்னிடம் வராதே" என்று ஆங்கிலத்தில் சொல்லிவிட்டு, தூரிகையைக் கறுப்பில் தோய்த்துத் தன் வேலையைப் பார்த்தார். கோஸ்தாஸ் வெயிலில் கொஞ்ச நேரம் நின்று பார்த்துவிட்டு டாக்சிக்குப் போனான்.