வான் பார்க்கப் போனது

சும்மா ஊர் பார்க்கவென்று எங்கள் பக்கத்தில் ஒருவரும் காரைப் பிடித்துக்கொண்டு புறப்படுவதில்லை. புக்கையும் வடையும் கட்டிக்கொண்டு, இரண்டு கோயிலும் ஒரு குளமும் பார்த்துவிட்டு வருவதென்றால் அதற்குள் வேறு ஏதோ அலுவல் இருக்கிறது என்று அர்த்தம். அன்றைக்கு அந்த அலுவல் நான்தான்.

1995ஆம் ஆண்டு தை மாதம். பேச்சுவார்த்தை என்று சொல்லிச் சண்டையை நிறுத்தியிருந்தார்கள். பொங்கல் முடிந்திருந்தது. வவுனியாவில் கிளாக்கர் வேலை பார்க்கும் யோகநாதன் என்பவர், பாதை கொஞ்சம் திறந்ததும் லீவு எடுத்துக்கொண்டு புதுக்குடியிருப்பிலுள்ள தமக்கை வீட்டுக்கு வந்திருந்தார். வயது முப்பத்தெட்டு. கல்யாணத் தரகர் பரமலிங்கம் அவருடைய சாதகத்தையும் என்னுடையதையும் பொருத்திப் பார்த்துவிட்டு வட்டக்கச்சிக்கு எங்கள் வீட்டுக்கு வந்தார். விறாந்தைக் கதிரையில் இருந்து, நான் உள்ளே நிற்கிறேன் என்று தெரிந்துகொண்டே அம்மாவிடம் சொன்னார்.

"அக்கா, உள்ளதைச் சொல்லுறன். பிள்ளைக்கு முப்பத்திரண்டு நடக்குது. இதுவும் தப்பிச்சுதெண்டால் என்னட்டை வேறை ஆள் இல்லை. இனி உங்கட படலையைத் திறக்க எனக்கே வெக்கமாக்கிடக்கு."

அம்மா அழவில்லை. மூக்கை மட்டும் உறிஞ்சினா. அப்பா செத்த பிறகு அவவுக்கு இருந்த ஒரே வேலை என்னைக் கரைசேர்ப்பதுதான். அதற்காக அவ வைக்காத நேர்த்தி இல்லை.

எங்கள் ஆட்கள் பெண் பார்க்கிற முறை ஒன்று இருக்கிறது, கோதாரி விழுந்த முறை. வீட்டுக்கு வந்து பார்த்துவிட்டு வேண்டாம் என்றால் ஊருக்குத் தெரிந்துவிடும். கோயிலடியில் தற்செயலாகச் சந்திப்பதுபோலச் சந்தித்தால் இரண்டு பக்கத்துக்கும் மானம் தப்பும். ஆகையால் எல்லோரும் நடிப்பார்கள். இவர்தான் மாப்பிள்ளை, இவள்தான் பொம்பிளை என்று ஒருவரும் வாய்திறந்து சொல்லக்கூடாது. தரகர் அந்தப் பக்கம் தலைகாட்டவே கூடாது. பார்த்தவர்கள் வீட்டுக்குப் போய் யோசித்து, பிறகு சொல்லியனுப்புவார்கள்.

எனக்குச் சொல்லியனுப்பியவையெல்லாம் ஒரே மாதிரித்தான் இருந்தன. ஒருவருக்கு நிறம் காணாது. இன்னொருவருக்கு வயது கூட. வேறொருவர் ஒன்றுமே சொல்லாமல் கனடாவுக்குப் போய்விட்டார். முதலில் அழுதேன். பிறகு கோபித்தேன். அதன் பிறகு ஒன்றுமில்லை. பல்லுப் பிடுங்க ஊசி போட்டபின் கன்னத்தைத் தொட்டால் வேறு யாருடைய கன்னத்தையோ தொடுவதுபோல இருக்குமே, அப்படித்தான் இருந்தது. பெண் பார்க்க வருகிறார்கள் என்றால் எனக்குக் கிணற்றடியைக் கூட்ட வேண்டும் என்பதைப்போல அதுவும் ஒரு வேலை.

அன்று விடிய அம்மா செம்மஞ்சள் பட்டுச் சேலையை எடுத்துக் கட்டிலில் போட்டா. நான் என் நீலப் பருத்திச் சேலையைக் கட்டிக்கொண்டு வந்து நின்றேன்.

"என்னடி இது? செத்த வீட்டுக்கோ போறாய்?"

"பட்டுக் கட்டிப் பாத்தாச்சுத்தானே அம்மா. என்ன நடந்தது?"

அம்மா நெற்றியில் அடித்துக்கொண்டா. அதற்குமேல் வாய்காட்ட நேரமில்லை, கார் வந்துவிட்டது.

கூடப் பிரேமிளா வந்தாள். எங்கள் வயலில் வேலை செய்யும் மீனம்மாவின் மகள். எழுபத்தேழுக் கலவரத்தில் மலைநாட்டுத் தோட்டத்தைவிட்டு வந்த குடும்பம். அப்போது அவளுக்கு ஆறு வயது. வட்டக்கச்சிப் பள்ளிக்கூடத்தில் எங்கள் பிள்ளைகளோடு படித்ததால் பேச்சும் எங்கள் பேச்சுத்தான், வீட்டில்தான் வேறு மாதிரிக் கதைப்பாள். அம்மா அவளைக் கூப்பிட்டதற்குக் காரணம் இருந்தது. இரண்டு பெண்கள் நின்றால் பெண் பார்க்கிற மாதிரித் தெரியாது, சாமான் தூக்கவும் ஆள் வேண்டும். அவளோ பொங்கலுக்கு எடுத்த ரோசாப்பூ நிறச் சேலையைக் கட்டி, தலை நிறையப் பூ வைத்துக்கொண்டு, வாயெல்லாம் பல்லாக வந்து ஏறினாள். வட்டக்கச்சிக்கு வந்ததிலிருந்து அவள் ஒரு பயணம் போனதில்லை. அம்மாவின் முகம் கறுத்தது. இறக்கிவிடவா முடியும்?

காரோட்டி பொன்னையா அண்ணை ஒரு போத்தல் மூடியளவு பெற்றோலைக் காட்டி காரை ஏமாற்றி எழுப்பி, பிறகு மண்ணெண்ணெயில் ஓட்டினார். பெற்றோலுக்குத் தடை வந்ததிலிருந்து எல்லாக் காரும் அப்படித்தான் ஓடியது. கோயிலுக்குப் போவதற்குள் எங்கள் சேலையெல்லாம் குசினி விளக்கு மணத்தது.

முதலில் புளியம்பொக்கணை நாகதம்பிரான். அம்மா பால் வைத்துக் கும்பிட்டா, சத்தம் போட்டே கும்பிட்டா. பிறகு ஒட்டுசுட்டான் தான்தோன்றீச்சரம். குரக்கன் அறுத்தபின் நின்ற ஒட்டைச் சுடப்போன இடத்தில் லிங்கம் தானாக வெளிப்பட்டதாம். அந்தக் காலத்துக் கோயில், கல்லெல்லாம் குளிர்ந்துபோய்க் கிடந்தது. நான் கண்ணை மூடிக்கொண்டு நின்றேன். என்ன கேட்பதென்று வரவில்லை. பிரேமிளா என் பக்கத்தில் நின்று உருகி உருகிக் கும்பிட்டாள்.

"என்னடி இவ்வளவு நேரம் கேட்டனீ?"

"உங்களுக்குத்தான் அக்கா. இந்த மாப்பிள்ளையெண்டாலும் சரிவர வேணுமெண்டு."

சந்திக்கிற இடம் முத்தையன்கட்டுக் குளம். குளம் நிரம்பி, மிஞ்சிய தண்ணீர் கட்டைத் தாண்டி விழுவதை வான் பாய்கிறது என்போம். மலையில்லாத ஊரில் எங்களுக்கு வேறு அருவி ஏது? அந்த வருடம் மாரி நன்றாகப் பெய்திருந்தது. தண்ணீர் வெள்ளை வெள்ளையாக விழுந்து கல்லுக்குள் பாய்ந்து கத்திக்கொண்டு ஓடியது. பக்கத்தில் நின்று கதைப்பதுகூடக் கேட்கவில்லை. நான் ஒரு கல்லில் போய் இருந்தேன். சேலைக்கரை நனைந்தது. இருந்தால் இருந்ததுதான், எழும்ப மனம் வரவில்லை.

சொல்லிவைத்த நேரத்துக்கு அவர்களும் வந்தார்கள், தமக்கை வடிவம்மாவும் அவரும். "அடட, நீங்களும் வான் பாக்கவோ வந்தனீங்கள்?" என்று அந்த அம்மா கேட்க, "ஓம் ஓம், பிள்ளையள் ஆசைப்பட்டினம்" என்று அம்மா சொன்னா. என்ன நடிப்பு! மரத்தடியில் பாய் விரித்தார்கள்.

"பிள்ளை, எல்லாருக்கும் தேத்தண்ணியைக் குடன்" என்று அம்மா கூப்பிட்டா. என்னைப் பார்த்துத்தான் கூப்பிட்டா, கண்ணாலும் உருட்டினா. எனக்குக் கேட்டது. கால்தான் எழும்பவில்லை. அதற்குள் பிரேமிளா எழும்பி, பிளாஸ்கிலிருந்து ஊற்றி, மூக்குப்பேணியைச் சேலைத் தலைப்பால் துடைத்துத் துடைத்து எல்லோருக்கும் கொடுத்தாள். வடையும் பரிமாறினாள். கொடுத்தவள் சும்மா இருந்தாளா? தண்ணீர் விழுவதைக் காட்டி அவரிடம் ஏதேதோ சொன்னாள். அவர் சிரித்துச் சிரித்துக் கேட்டுக்கொண்டிருந்தார். வான் இரைந்ததில் ஒரு சொல்லும் என் காதுக்கு வரவில்லை.

சற்று நேரத்தில் அவர் ஒரு தேக்கமிலையில் இரண்டு வடையை வைத்துக்கொண்டு, கல்லுக்குக் கல் தாண்டி என்னிடம் வந்தார். தலை முன்பக்கம் கொஞ்சம் வழுக்கை. கண் நல்ல கண்.

"நீங்களும் சாப்பிடுங்கோ. நல்லாக் களைச்சுப்போய் இருக்கிறியள்."

அவ்வளவுதான் சொன்னார். கொடுத்துவிட்டுப் போய்விட்டார்.

நான் அந்த வடையைக் கையில் வைத்துக்கொண்டு இருந்தேன். களைத்துப்போய் இருக்கிறாய் என்று எனக்கு யார் சொன்னார்கள்? கறுப்பு என்றார்கள், வயது என்றார்கள். களைத்துவிட்டாய், சாப்பிடு என்று ஒருவரும் சொன்னதில்லை. இரண்டு வடையையும் தின்றேன். எனக்குப் பசித்ததே அப்போதுதான் தெரிந்தது.

திரும்பி வரும்போது கார் விசுவமடுவில் நின்றுபோய்ப் பொன்னையா அண்ணை அதைத் திட்டிக்கொண்டிருக்க, நான் வெளியே பார்த்துச் சிரித்தேனாம். அம்மா கண்டுவிட்டா. "என்னடி?" என்று கேட்டா. "ஒண்டுமில்லை அம்மா. அந்த மனுசன் நல்லவர் போலை." அம்மா என் கையைப் பிடித்து மடியில் வைத்துக்கொண்டா. வீடு வரும்வரை விடவில்லை.

இரண்டு நாள் கழித்துத் தரகர் பரமலிங்கம் சைக்கிளைப் படலையில் சாத்தும்போதே சிரித்தபடி வந்தார்.

"அக்கா, சீனி போட்டுத் தேத்தண்ணி ஊத்துங்கோ. மாப்பிள்ளைக்கு நல்லாப் பிடிச்சிட்டுது. சீதனம் ஒண்டும் வேண்டாமாம். லீவு முடிய முன்னம் கலியாண எழுத்தை வைப்பமாம்."

அம்மா சுவாமிப் படத்தடிக்கு ஓடினா. நான் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டேன். முகம் சுட்டது. வெட்கமென்று ஒன்று எனக்குள் இன்னும் இருந்திருக்கிறது.

"ஆனால் அக்கா, நீங்கள் எனக்கு ஒண்டைச் சொல்லேல்லைப் பாருங்கோ" என்றார் பரமலிங்கம். "பிள்ளை சின்னனிலை மலைநாட்டிலை இருந்ததாமே. வீட்டுக்கு மேலை பெரிய அருவியொண்டு இருந்ததாம், இரவிலை அதின்ரை சத்தத்திலைதான் நித்திரை கொள்ளுறதாம். பிள்ளை சொன்ன கதையை மாப்பிள்ளை எனக்கு வரிக்கு வரி சொல்லுறார். அவரும் முந்தி அங்கை வேலை செய்தவராம்."

என் அப்பா கரவெட்டியிலிருந்து நேரே வட்டக்கச்சிக்கு வந்து காடு வெட்டியவர். நான் இங்கே பிறந்தவள். மலையைப் படத்தில்தான் கண்டிருக்கிறேன்.

அம்மா படத்தடியிலிருந்து மெல்லத் திரும்பினா. எனக்கு விளங்கிய அதே நேரம் அவவுக்கும் விளங்கிவிட்டது. ஆனாலும் என் வாய் கேட்டது.

"அண்ணை, கல்லிலை இருந்த ஆளைப் பற்றி என்ன சொன்னவர்?"

"ஆர், அந்த வேலைக்கு வந்த பிள்ளையோ? ஓம், ஓம், அதையும் சொன்னவர். பாவம், அந்தப் பிள்ளை தனியக் கல்லிலை களைச்சுப்போய்க் கிடந்துதாம், ஒருதரும் அதுக்குச் சாப்பாடு குடுக்கேல்லையாம். தான்தான் கொண்டுபோய்க் குடுத்தவராம். இரக்க குணமுள்ள மனுசன், அக்கா."

நொந்தது. மரத்துப்போனது என்று இத்தனை நாள் நினைத்த இடமெல்லாம் ஒரேயடியாக நொந்தது.

அம்மா, "ஓம், கொஞ்சக் காலம் மலைநாட்டிலை, இவளின்ரை பெரியப்பா வீட்டிலை..." என்று பொய்யைத் தொடங்கிவிட்டா. எழுத்து முடிந்தபின் மாப்பிள்ளை முகத்தைத் திருப்பினால் அப்போது பார்ப்போம் என்று நினைத்திருப்பா. எனக்கு எங்கிருந்து அவ்வளவு ஆத்திரம் வந்ததோ தெரியாது.

"அண்ணை, போய்ச் சொல்லுங்கோ. தேத்தண்ணி குடுத்தது மீனம்மாக்கான்ரை மகள் பிரேமிளா. வடை வாங்கித் திண்ட ஆள்தான் பொம்பிளை."

"ஐயோ, கடவுளே!" என்று பரமலிங்கம் எழும்பிவிட்டார். தேத்தண்ணி குடிக்காமலே சைக்கிளில் ஏறினார்.

அம்மா அன்று உலை வைக்கவில்லை. நானும் கேட்கவில்லை.

அடுத்த நாள் பொழுதுபடத் தரகர் மறுபடி வந்தார். சிரிப்பில்லை, ஆனால் வியர்வையைத் துடைத்தபடி ஆறுதலாகத்தான் கதிரையில் இருந்தார்.

"நல்ல காலம், அக்கா. தமக்கைக்காறி கேட்டிட்டுத் துள்ளி விழுந்திட்டா. தோட்டக்காட்டுப் பெட்டையோ எண்டு. பிறகு நான்தான் ஆற அமரச் சொன்னன், ஆள் மாறிப்போச்சே ஒழிய வீடு வளவு, சாதி சனம் ஒண்டும் மாறேல்லைத்தானே எண்டு. அவவும் யோசிச்சிட்டு, சரி, அந்தக் கல்லிலை இருந்த பிள்ளையும் பாக்கக் குறையில்லை எண்டிட்டா. வெள்ளிக்கிழமை எழுத்து."

தோட்டக்காட்டுப் பெட்டை என்று சொல்லும்போது அவர் குரலைத் தாழ்த்தக்கூட இல்லை. பின்வளவில்தான் மீனம்மா நெல்லுத் தூற்றிக்கொண்டு நின்றா.

"அவர் என்ன சொன்னவர், அண்ணை?" என்று கேட்டேன்.

"மாப்பிள்ளையோ? அவர் என்னத்தைச் சொல்லுறது? தமக்கை சொன்னால் சரி எண்டவர்."

இரண்டு பேரும் என்னைப் பார்த்தார்கள். வேண்டாம் என்ற சொல் நாக்கு நுனிவரை வந்தது. பழுதாய்ப் போவான், அவனுக்கு வாயில்லையா என்று கத்தலாம்போல இருந்தது. அம்மா இரண்டு கையையும் கூப்பி எனக்கு முன்னால் நின்றா, கோயிலில் நின்றதுபோல. பெற்ற தாய் பிள்ளையைக் கும்பிட்டால் பிள்ளை என்ன செய்யும்?

"ஓம்" என்றேன்.

சொன்னதும் நோவு நின்றுவிட்டது. பழையபடி மரத்துக்கொண்டது. அது வசதியாகத்தான் இருந்தது.

எழுத்துக்கு மீனம்மா வீட்டாரைக் கூப்பிடக்கூடாது என்று அம்மா முடிவெடுத்தா. காரணம் அவர்களுக்குச் சொல்லவில்லை. ஆனால் சேதி கேட்டுப் பிரேமிளா வேலிப் பொட்டுக்குள்ளால் ஓடிவந்தாள். குசினி வாசலில் வைத்து என்னைக் கட்டிப் பிடித்தாள். அவளுக்கு வியர்த்திருந்தது.

"நான் அண்டைக்குக் கும்பிட்டது பலிச்சிட்டுது பாத்தீங்களே அக்கா! அவர் நல்லவர். சும்மா முகத்துக்குச் சொல்லேல்லை. நான் எங்கட தோட்டத்து லயத்துக்கு மேலை இருந்த அருவியைப் பற்றிச் சொல்ல, முழுக்கக் கேட்டவர். என்னட்டை ஒருதரும் அப்பிடிக் கதை கேட்டதில்லை."

நான் அரிசியைக் களைந்துகொண்டிருந்தேன்.

"வீட்டை வந்த பிறகுதான் எனக்குப் பயம் பிடிச்சது" என்று குரலைத் தாழ்த்தினாள். "பொம்பிளை பாக்க வந்த மனுசனோடை நான் வாய் மூடாமல் கதைச்சிட்டன், அதாலை உங்கட அலுவல் கெட்டுப்போகுமோ எண்டு. மூண்டு நாளா நித்திரையில்லை. அவர் என்னைப் பற்றி ஏதும் சொன்னவரோ, அக்கா?"

நான் அவள் முகத்தைப் பார்த்தேன்.

"உன்னைப் பற்றி ஒருதரும் ஒண்டும் சொல்லேல்லையடி."

"அப்பாடா!" என்று நெஞ்சில் கையை வைத்துச் சிரித்தாள்.