நடுமரத்து முத்திரை

வக்கீல் குமாஸ்தாவாக இருபது வருஷம் குப்பை கொட்டியவன் நான். ஒரு சின்னப் பொய்யால் யாருக்கும் ஒன்றும் ஆகிவிடாது என்று நினைத்திருந்தேன். சிங்காரவேலு வழக்கில்தான் பட்டுத் தெரிந்துகொண்டேன்.

அவர் தரங்கம்பாடி மீனவர். பழைய கட்டுமரம் இற்றுப்போய்விட்டது. வனத்துறை ஏலத்தில் மரம் எடுத்த வியாபாரியிடம் நான்கு தடி வாங்கி லாரியில் இறக்கினார். பெர்மிட் இருந்தது. ஒவ்வொரு தடியின் தலைப்பிலும் வனத்துறைக்காரர்கள் சுத்தியலால் அடித்த முத்திரையும் இருந்தது. வேலை தொடங்கிய அன்று ஓடாவி, அதாவது கட்டுமரம் செதுக்கும் ஆசாரி, சூடம் காட்டிவிட்டு, நடுவில் வைக்கும் தடியான நடுமரத்தின் தலைப்பில் முதல் வெட்டுப் போட்டார். முதல் சில்லைக் கடலுக்குக் கொடுப்பது அவர்கள் வழக்கம். சிங்காரவேலு அதற்கு மஞ்சள் பூசி அலையில் விட்டுக் கும்பிட்டார். முத்திரையும் அதோடு போய்விட்டது. சாமி காரியத்தில் நிற்கிறவன் முத்திரையையா பார்ப்பான்?

மூன்றாம் நாள் வனத்துறை ஆள் வந்து பார்த்தார். மூன்று தடியில் முத்திரை இருந்தது, நான்காவதில் இல்லை.

"பெர்மிட்ல வந்த மரம் வேற, இது வேற. திருட்டு மரத்தை நடுவுல சொருகியிருக்கீங்க" என்று நான்கையும் ஏற்றிக்கொண்டு போனார். சிங்காரவேலு மேல் வழக்கும் போட்டார்.

அந்த வருஷம் கோர்ட் முழுக்க நிலத் தகராறு. உச்சவரம்புச் சட்டம் வந்ததில் மிராசுதார்கள் ஒரு பக்கம், சிவப்புக் கொடியோடு சாகுபடிக்காரர்கள் ஒரு பக்கம். நான்கு தடி மரத்தை யார் சீந்துவார்கள்? எட்டு மாதம் வாய்தாவிலேயே ஓடியது. மரம் ரேஞ்சர் ஆபீஸ் வாசலில் வெயிலில் கிடந்தது. சிங்காரவேலுவும் அவர் மச்சினன் காயாரோகணமும் அடுத்தவன் வலையில் பங்குக்குப் போய்க்கொண்டிருந்தார்கள்.

ஐப்பசி பிறக்கும் நேரத்தில் சிங்காரவேலு மனைவியோடு என்னிடம் வந்தார். பேசியது எல்லையம்மாள்தான்.

"ஐயா, தடியில கரையான் ஏறிடுச்சு. இந்த மழையிலயும் நனைஞ்சா அடுப்புக்குத்தான் ஆவும். எப்படியாச்சும் மீட்டுக் குடுங்க."

எனக்கும் அந்த வழக்குக் கட்டைத் தூக்கி வைத்துக் கை அலுத்திருந்தது. "குத்தத்தை ஒத்துக்கிட்டா அபராதத்தோட போயிடும். மரத்துக்கு வெலையைக் கட்டினா மரத்தையும் விட்டுடுவாங்க" என்றேன்.

"நான் திருடலீங்களே. திருடுனேன்னு எப்படிங்க சொல்றது?" என்றார் சிங்காரவேலு.

"ஒரு வார்த்தை, அவ்வளவுதான். ஒங்களுக்கு மரம் வேணுமா, வேணாமா?" என்று எரிந்து விழுந்தேன். நினைத்தால் இன்றைக்கும் என்னையே அறைந்துகொள்ளத் தோன்றுகிறது.

எல்லையம்மாள் புருஷன் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். சிங்காரவேலு தலையைக் குனிந்துகொண்டு சரி என்றார்.

மாஜிஸ்திரேட் கேட்டபோது கூண்டில் நின்று அவர் முணுமுணுத்தார். சத்தமாகச் சொல்லச் சொன்னார்கள்.

"திருட்டு மரந்தானுங்க" என்றார். பின் பெஞ்சில் காயாரோகணம் உட்கார்ந்திருந்ததைப் பார்த்தேன். அதை நான் பெரிதாக நினைக்கவில்லை.

பணம் கட்டியதும் மரம் வந்தது. கரையான் அரித்ததைச் செதுக்கித் தள்ளியும் நல்ல மரம் மிஞ்சியது. கட்டுமரம் கட்டி முடித்துக் கடலில் இறக்கும் நாளில் என்னையும் வெற்றிலை பாக்கு வைத்து அழைத்தார்கள். பெரிய வெற்றி வாங்கிக் கொடுத்தவன் போல வெள்ளை வேட்டி கட்டிக்கொண்டு போனேன்.

அது இரண்டு பேர் துடுப்புப் போடும் கட்டுமரம். சிங்காரவேலுவும் காயாரோகணமும் பதினைந்து வருஷ ஜோடி. அன்றைக்குக் காயாரோகணம் முழங்கால் தண்ணீரில் நின்றுவிட்டான்.

"நான் ஏறல மாமா."

"ஏன்டா?"

"திருட்டு மரம்னு நீங்கதானே கூண்டுல நின்னு சொன்னீங்க. களவு மரத்தைக் கடல் திருப்பி அனுப்பாது. எனக்கும் புள்ளைங்க இருக்கு."

"மரத்தை மீக்கறதுக்குச் சொன்னதுடா. ஒனக்குத் தெரியாதா?"

"எனக்குத் தெரியும் மாமா. கடலுக்கு யாரு சொல்றது?"

கரையில் நின்ற மற்றவர்களைச் சிங்காரவேலு ஒவ்வொருவராகப் பார்த்தார். ஒருவரும் துடுப்பைத் தொடவில்லை. பிறகு ஈர வேட்டியோடு என்னிடம் வந்தார்.

"ஐயா, நான் திருடலன்னு அதே கோர்ட்டுல திரும்பச் சொல்ல வழி இருக்குங்களா?"

இல்லை என்று சொன்னேன்.